தண்ணீர் உடம்பில் படும்போது: ஒரு முழுக்கவன அளவுகோலின் நிகழ்வு ஆய்வு

குளிக்கும்போது தண்ணீர் உடம்பில் படும் உணர்வைக் கவனிக்கிறீர்களா? ஒன்றிலிருந்து ஐந்துக்குள் ஓர் எண்ணைப் போடுங்கள்.

இரண்டு பேர் ஐந்து போடுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். முதலாமவர் பத்து வருடமாகத் தியானம் செய்பவர். இரண்டாமவருக்கு உடம்பில் எது மாறினாலும் பயம். எங்காவது கட்டி தட்டுப்படுகிறதா, எங்காவது எரிகிறதா என்று தேடிக்கொண்டே குளிப்பவர். இருவருமே உண்மையைத்தான் சொன்னார்கள். இருவருக்கும் வினாத்தாள் ஒரே மதிப்பெண்ணைத்தான் கொடுக்கும்.

முழுக்கவனம் என்று நான் சொல்வது 'மைண்ட்ஃபுல்னெஸ்'; இந்தக் கணத்தில் நடப்பதைத் தீர்ப்பிடாமல் கவனிப்பது என்று பொதுவாகச் சொல்வார்கள். இந்தச் சின்னச் சிக்கல், உலகில் அதிகம் பயன்படும் முழுக்கவன அளவுகோல் ஒன்றை இருபது வருடமாக விடாமல் துரத்துகிறது. 'ஐம்முக முழுக்கவன வினாத்தாள்' என்று அதைத் தமிழில் சொல்லலாம். 2006இல் அமெரிக்காவின் கென்டக்கி பல்கலைக்கழக உளவியலாளர் ரூத் பேயரும் அவருடைய குழுவினரும் வெளியிட்டது. அளவுகோல் செய்ய விரும்புகிறவர்களுக்கு இதைவிட நல்ல பாடம் கிடைப்பது கடினம் என்பது என் எண்ணம். இதைச் செய்தவர்கள் திறமையானவர்கள். முறையில் பெரிய ஓட்டை எதுவும் இல்லை. அப்படியிருந்தும் சிக்கல் வந்தது.

ஐந்து பேர், ஐந்து முழுக்கவனம்

2000க்குப் பிறகு முழுக்கவனத்தை அளக்க ஆளாளுக்கு ஒரு வினாத்தாள் செய்தார்கள். ஒவ்வொன்றும் வேறொரு பொருளை அளந்தது.

ஜெர்மனியின் ஃப்ரைபர்க் வினாத்தாளில் 30 கூற்றுகள். தீவிரத் தியான முகாம்களுக்கு வந்தவர்களை வைத்து உருவானது. 2003இல் கிர்க் பிரவுனும் ரிச்சர்ட் ரயனும் வெளியிட்ட அளவுகோலில் 15 கூற்றுகள். அத்தனையும் கவனக்குறைவைப் பற்றியவை. யோசனை எங்கோ இருக்க, கையிலிருப்பதைத் தட்டிக் கொட்டிவிடுவது போன்ற அனுபவங்கள் எவ்வளவு அடிக்கடி நடக்கின்றன என்று கேட்பார்கள். 'அநேகமாக நடப்பதில்லை' என்றால் முழுக்கவனம் அதிகம் என்று கணக்கு. பேயர் குழுவே 2004இல் 39 கூற்றுகளோடு கென்டக்கி அளவுகோலை வெளியிட்டிருந்தது. இன்னும் இரண்டில் ஒன்று 12 கூற்றுகள் கொண்டது. மற்றது 16 கூற்றுகளோடு, மனத்தைக் கலங்கடிக்கும் எண்ணங்களும் காட்சிகளும் வரும்போது ஒருவர் என்ன செய்கிறார் என்று மட்டும் கேட்டது.

கூட்டினால் 112.

'மைண்ட்ஃபுல்னெஸ்' என்ற சொல்லிலேயே இந்தக் குழப்பத்துக்கு இடம் இருக்கிறது. பாலி மொழியின் 'சதி' என்ற சொல்லுக்கு ஈடாக 19ஆம் நூற்றாண்டு மொழிபெயர்ப்பாளர்கள் அதை எடுத்துக்கொண்டார்கள். 'சதி' என்பது சமஸ்கிருதத்தின் 'ஸ்மிருதி'. ஞாபகம் என்ற பொருளும் அதில் உண்டு. தமிழில் 'நினைவு' என்ற சொல் இரண்டையும் தாங்குவது எனக்குப் பிடித்த விஷயம். 'நினைவிருக்கிறதா' என்றால் ஞாபகம். 'நினைவு திரும்பியது' என்றால் உணர்வு. வினாத்தாள் செய்தவர்களுக்கு இந்த வசதி கிடைக்கவில்லை. கவனமா, ஏற்பா, உணர்ச்சியைக் கையாளும் திறமையா என்று ஒவ்வொருவரும் ஒரு பக்கத்தைப் பிடித்துக்கொண்டார்கள்.

எச்சரிக்கை மணி 2005லேயே அடித்துவிட்டது. அந்த வருடம் வெளியான ஓர் ஆய்வில் கல்லூரி மாணவர்களுக்கு ஃப்ரைபர்க் வினாத்தாளைக் கொடுத்தார்கள். புகை பிடிப்பதும் அடிக்கடி மிதமிஞ்சிக் குடிப்பதும் முழுக்கவன மதிப்பெண்ணோடு நேர் ஒட்டுறவு காட்டின. அதாவது குடிப்பவர்களுக்கு மதிப்பெண் அதிகம். தியான முகாமில் பிறந்த கூற்று விடுதி அறைக்குப் போனபோது அதற்கு வேறு பொருள் வந்துவிட்டது. உடல் உணர்வுகளில் நாட்டம் உள்ளவர் 'உடம்பைக் கவனிக்கிறேன்' என்று எழுதுவதில் பொய் என்ன இருக்கிறது?

112இலிருந்து 39

ஐந்து வினாத்தாளில் எது சரி என்று பேயர் குழு சண்டைக்குப் போகவில்லை. ஐந்தையும் ஒன்றாகக் கலந்து, தரவு எப்படிப் பிரிகிறது என்று பார்த்தார்கள். 613 மாணவர்கள் 112 கூற்றுகளுக்கும் பதில் எழுதினார்கள்.

அடுத்தது காரணிப் பகுப்பாய்வு. பெயர்தான் மிரட்டும், யோசனை எளிது. ஒரு கூற்றுக்கு 'ஆமாம்' என்பவர் வேறு எந்தக் கூற்றுகளுக்கும் 'ஆமாம்' என்கிறார் என்று பார்த்து, ஒன்றோடொன்று ஒட்டிப்போகும் கூற்றுகளைக் கொத்தாகக் கட்டுவது. எத்தனை கொத்து என்பதை ஆய்வாளர்தான் முடிவு செய்ய வேண்டும். கணினி அதைச் சொல்லாது. இங்கே ஐந்து நல்ல எண்ணாகத் தெரிந்தது. ஒரு கூற்று தன் கொத்தில் குறைந்தது 0.40 எடையோடு உட்கார வேண்டும் (கொத்தோடு அது எவ்வளவு ஒட்டுகிறது என்பதே எடை). இரண்டாவதாக அது எட்டிப்பார்க்கும் கொத்தில் அதன் எடை 0.20ஆவது குறைவாக இருக்க வேண்டும். இரண்டு வீட்டிலும் சாப்பிடும் கூற்றுக்கு இடமில்லை. இப்படி வடிகட்டியதில் 39 நின்றன.

ஐந்து முகங்களுக்கும் என் வசதிக்காகத் தமிழ்ப் பெயர் வைத்துக்கொள்கிறேன். புலன்களிலும் உடம்பிலும் நடப்பதைக் கவனித்தல், உணர்வதைச் சொல்லில் வடித்தல், விழிப்போடு செயல்படல், தன் எண்ணத்தையும் உணர்ச்சியையும் நல்லது கெட்டது என்று தீர்ப்பிடாமை, மனத்தில் எழுவதற்கு உடனே எதிர்வினை காட்டாமை. கடைசி முகத்துக்கு ஏழு கூற்றுகள், மற்றவற்றுக்கு எட்டெட்டு.

உள் இசைவைக் காட்டும் க்ரோன்பாக் ஆல்ஃபா 0.75இலிருந்து 0.91வரை வந்தது. நல்ல எண்கள்தான். ஆனால் இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். அளவுகோல் பற்றிய கட்டுரைகளில் 'ஆல்ஃபா 0.70க்கு மேல், எனவே அளவுகோல் நம்பகமானது, ஏற்புடையது' என்று ஒரே மூச்சில் எழுதுவதைப் பார்த்துப் பார்த்து எனக்கு அலுத்துவிட்டது. கூற்றுகள் ஒரே பாட்டைப் பாடுகின்றனவா என்பதைத்தான் ஆல்ஃபா சொல்லும். எந்தப் பாட்டு என்று சொல்லாது. ஒரே கேள்வியை வார்த்தை மாற்றி ஆறு முறை கேட்டாலும் ஆல்ஃபா ஏறும். நலவாழ்வை அளக்கும் வார்விக்–எடின்பரோ அளவுகோலுக்கு நடந்ததைப் பாருங்கள். 2007இல் 14 கூற்றுகளோடு வந்தது, பொதுமக்கள் மாதிரியில் ஆல்ஃபா 0.91. கொண்டாட வேண்டிய எண் என்றுதான் தோன்றும். சில கூற்றுகள் வேண்டாத உபரியாக இருக்கலாம் என்று அதைச் செய்தவர்களே படித்தார்கள். பின்னால் ஒவ்வொரு கூற்றும் எப்படி வேலை செய்கிறது என்று தனித்தனியாகச் சோதிக்கும் ராஷ் பகுப்பாய்வு செய்து 7 கூற்றுகள் கொண்ட குறுவடிவம் வந்தது. எண்ணைப் படிக்கத் தெரிந்தவர்கள்.

ஒரு முகம் மட்டும் ஒட்டவில்லை

ஒரே குழுவின் தரவில் கண்டுபிடித்த அமைப்பை அதே தரவில் சோதித்தால் தேர்வுத்தாளைத் தானே எழுதித் தானே திருத்துவது மாதிரி. பேயர் குழு புதிதாக 268 மாணவர்களை எடுத்து, முன்பு கிடைத்த கொத்துகள் இவர்களிடமும் பொருந்துகின்றனவா என்று பார்க்கும் உறுதிசெய் காரணிப் பகுப்பாய்வு செய்தது. ஐந்து கொத்துகளும் இருந்தன. அடுத்த கேள்வி, ஐந்தும் 'முழுக்கவனம்' என்ற ஒரே குடையின் கீழ் வருமா?

நான்கு வந்தன. கவனித்தல் வரவில்லை.

வராதது மட்டுமில்லை, நேர் எதிர்த் திசையில் போனது. கவனித்தலில் அதிக மதிப்பெண் எடுத்த மாணவர்களுக்கு மனநலத் தொந்தரவின் அறிகுறிகள் அதிகம், மறதி அதிகம், எண்ணங்களை அமுக்கிவைக்கும் பழக்கமும் அதிகம். தியானத்தைப் பற்றி எந்த மரபைக் கேட்டாலும் முதலில் சொல்வது கவனிக்கச் சொல்வதுதான். அளவுகோலிலோ அந்த முகம் நோயின் பக்கம் சாய்ந்து நிற்கிறது.

பலர் இந்த இடத்தில் செய்யக்கூடியது எனக்குத் தெரியும். கவனித்தலை வெட்டிவிட்டு, 31 கூற்றுகளோடு அழகான எண்களை அச்சிட்டுவிடுவார்கள். யாரும் கேட்கமாட்டார்கள். பேயர் குழு அதைச் செய்யாமல் முடிவை அப்படியே எழுதியது. தியானப் பழக்கம் உள்ளவர்களை மட்டும் தனியாக எடுத்துப் பார்த்தபோது கவனித்தலும் குடைக்குள் வந்தது என்பதையும் சேர்த்தே எழுதியது. இந்த ஆய்வில் என்னை மிகவும் கவர்ந்த இடம் இதுதான்.

விளக்கம், தொடக்கத்தில் சொன்ன குளியலறைக்குத்தான் திரும்புகிறது. பயிற்சி இல்லாதவர் உடம்பைக் கவனிக்கிறார் என்றால் பெரும்பாலும் ஏதோ காரணம் இருக்கிறது: வலி, பயம், பதற்றம். அந்தக் கவனத்தோடு 'இது ஏன் இப்படி இருக்கிறது' என்ற தீர்ப்பும் ஒட்டிக்கொண்டு வரும். பயிற்சி உள்ளவரிடம் கவனிப்பு தனியாகவும் தீர்ப்பு தனியாகவும் பிரிந்திருக்கும். கூற்றில் எழுதியிருக்கும் சொற்கள் இருவருக்கும் ஒன்றுதான்.

2008இல் அதே குழு அனுபவமுள்ள தியானிகளையும் தியானம் செய்யாத பல பிரிவினரையும் அருகருகே வைத்துப் பார்த்தது. எதிர்பார்த்தபடியே வந்தது. தியானம் செய்பவர்களிடம் கவனித்தல் கூடினால் அறிகுறிகள் குறைந்தன, நலவாழ்வு கூடியது. மற்றவர்களிடம் அப்படி இல்லை. சில முகங்கள் தியான அனுபவத்துக்கும் நலவாழ்வுக்கும் நடுவே பாலமாக நின்றன என்றும் தெரிந்தது.

நலவாழ்வை எதை வைத்து அளந்தார்கள்?

இதைப் பலர் கேட்பதில்லை. கேட்டாக வேண்டும்.

அந்த ஆய்வில் நலவாழ்வுக்குப் பயன்பட்டது கரோல் ரிஃப் 1989இல் வெளியிட்ட உளவியல் நலவாழ்வு அளவுகோல். அதற்கு ஆறு பரிமாணங்கள்: தன்னை ஏற்றல், பிறரோடு நல்லுறவு, சுயமாக முடிவெடுத்தல், சூழலைக் கையாளல், வாழ்க்கைக்கு ஒரு நோக்கம், தன் வளர்ச்சி. ஆறும் உண்மையிலேயே ஆறுதானா என்ற சர்ச்சை தனியாக ஓடியது. அவற்றில் நான்கு ஒன்றோடொன்று மிக நெருக்கமாக ஒட்டுறவு கொண்டிருப்பதால் பிரித்தறிய முடியவில்லை என்று 2006இல் ஒரு மறுப்பு வந்தது, அதற்கு ரிஃப் தரப்பு பதில் சொன்னது. அந்தச் சண்டைக்குள் நான் போகவில்லை.

என் கவலை வேறு. முழுக்கவன வினாத்தாளில் 'எனக்கு இப்படித் தோன்றுவது தப்பு என்று என்னை நானே திட்டிக்கொள்கிறேன்' என்ற வகைக் கூற்று இருக்கிறது. நலவாழ்வு வினாத்தாளில் 'என்னை எனக்குப் பிடிக்கிறது' என்ற வகைக் கூற்று இருக்கிறது. ஒன்றைத் திருப்பிப்போட்டால் மற்றதற்குப் பக்கத்தில் போய் உட்காரும். அப்புறம் 'தீர்ப்பிடாமை நலவாழ்வை முன்கணிக்கிறது' என்று எழுதினால் பாதி உண்மை, பாதி எதிரொலி. ஒரே ஆள், ஒரே உட்காரலில், ஒரே மாதிரிக் கட்டங்களில் டிக் அடிப்பதாலும் ஒட்டுறவு கொஞ்சம் ஏறும். ஒரே முறையில் அளந்த இரண்டு விஷயங்கள் அந்த முறையினாலேயே ஒட்டிப்போகும் என்று உளவியலாளர்கள் கேம்ப்பெலும் ஃபிஸ்கும் 1959லேயே சொல்லிவிட்டார்கள். அதற்கு மாற்று மருந்தையும் கொடுத்தார்கள்: ஒரே பண்பைப் பல முறைகளில் அள, பல பண்புகளை ஒரே முறையில் அள, இரண்டையும் ஒரே அட்டவணையில் வை. அட்டவணை போடுபவர்கள் இன்றும் குறைவு. செலவும் அதிகம், முடிவும் மனத்துக்கு இனிதாக இருக்காது.

டீனரும் உடன் ஆய்வாளர்களும் 1985இல் செய்த வாழ்க்கைத் திருப்தி அளவுகோல் இந்தச் சிக்கலிலிருந்து கொஞ்சம் தப்பும். ஐந்தே கூற்றுகள், 5இலிருந்து 35வரை மதிப்பெண். வாழ்க்கை மொத்தமாகத் திருப்தியா என்று மட்டும் கேட்கும். கூற்றுகள் மேலே விழுந்து புரளாது. முழுக்கவனத்தோடு சேர்த்து வைக்க நான் முதலில் தேடுவது இதைத்தான்.

கூற்றின் திசை

வினாத்தாளைக் கையில் எடுத்தால் ஒன்று கண்ணில் படும். விழிப்போடு செயல்படல், தீர்ப்பிடாமை ஆகிய இரண்டு முகங்களின் 16 கூற்றுகளும் எதிர்மறையானவை, அதாவது 'ஆமாம்' என்றால் மதிப்பெண் குறையும். கவனித்தலிலும் எதிர்வினை காட்டாமையிலும் ஒன்றுகூட எதிர்மறை இல்லை. அப்படியானால் கொத்து பிரிந்தது பொருளாலா, வாக்கியத்தின் திசையாலா? முழுக்கப் பிரித்துச் சொல்ல முடியாது. வினாத்தாள் செய்யும்போது ஒவ்வொரு முகத்திலும் இரண்டு திசையையும் கலந்து வைப்பதன் பயன் இப்படிப்பட்ட சந்தேகம் வரும்போதுதான் தெரியும்.

2009இல் வேறொரு குழு அதே இடத்தைக் குத்தியது. தியானம் செய்பவர், செய்யாதவர் இருவருக்கும் உள்ளே இருக்கும் முழுக்கவன அளவு ஒன்றாக இருந்தாலும், கிட்டத்தட்ட பாதிக் கூற்றுகளில் அவர்கள் வேறுவேறாகப் பதில் சொன்னார்கள். தியானம் செய்யாதவர்கள் 'நான் கவனமாக இருக்கிறேன்' என்று ஒப்புக்கொள்வதைவிட 'நான் கவனக்குறைவாக இல்லை' என்று மறுப்பதில் அதிகச் சுலபம் காட்டினார்கள். அளவுகோல் இரண்டு கூட்டத்தையும் ஒரே கோலால் அளக்கவில்லை என்று பொருள். இது பெரிய குற்றச்சாட்டு.

2011இல் பேயரும் இருவரும் பதில் கொடுத்தார்கள். வயது, கல்வி போன்றவற்றில் ஒத்துப்போகும்படி தியானிகளையும் மற்றவர்களையும் இணை சேர்த்துப் பார்த்தபோது அந்த வேறுபாடு பெரும்பாலும் காணாமல் போனது. முந்தைய ஆய்வில் தெரிந்ததில் ஒரு பங்கு தியானத்தால் வந்ததல்ல, ஒப்பிட்ட கூட்டங்கள் வேறு வேறு வாழ்க்கை வாழ்ந்ததால் வந்தது என்று கொள்ளலாம். சரி, வழக்கு முடிந்தது என்று யாராவது நினைத்திருந்தால், இன்னும் ஐந்து வருடம் பொறுத்திருக்க வேண்டும்.

2016: எதிர்பாராத ஒப்பீட்டுக் குழு

சோதனைகளில் முழுக்கவனப் பயிற்சி பெற்றவர்களைப் பெரும்பாலும் இன்னும் பயிற்சி தொடங்காமல் காத்திருப்புப் பட்டியலில் உள்ளவர்களோடு ஒப்பிடுவார்கள். அப்படி ஒப்பிட்டால் பயிற்சிக்குப் பிறகு ஐம்முக மதிப்பெண் ஏறும். அளவுகோல் வேலை செய்கிறது என்பதற்கு இதையே சான்றாகக் காட்டுவது வழக்கம்.

2016இல் வெளியான ஒரு சோதனை இன்னொரு குழுவையும் சேர்த்தது. 130 பேர் பங்கேற்றார்கள். சிலருக்கு எட்டு வார முழுக்கவனப் பயிற்சி. சிலருக்கு உடற்பயிற்சி, உணவு, இசை போன்றவை கொண்ட ஆரோக்கியப் பயிற்சி. அதில் தியானம் கிடையாது. நேரம், ஆசிரியர், வீட்டுப்பாடம் எல்லாம் முதல் பயிற்சிக்கு ஈடாக அமைத்தது. மூன்றாவது கூட்டம் காத்திருப்புப் பட்டியல்.

காத்திருந்தவர்களைவிட முழுக்கவனப் பயிற்சி பெற்றவர்கள் மதிப்பெண்ணில் முன்னேறினார்கள். ஆரோக்கியப் பயிற்சி பெற்றவர்களும் முன்னேறினார்கள். இருவருக்குமிடையே வேறுபாடு இல்லை.

இதை இரண்டு விதமாகப் படிக்கலாம். உடற்பயிற்சியும் இசையும் முழுக்கவனத்தை வளர்க்கின்றன என்பது ஒன்று. அது முடியாத காரியமில்லை. மற்றது, ஏதாவது ஒன்றைச் செய்து மனம் தேறியவர் எந்த நல்ல கூற்றுக்கும் கொஞ்சம் கூடுதல் எண் போடுவார், இந்த வினாத்தாள் அந்தப் பொதுவான தேறுதலைத்தான் பிடித்தது என்பது. நான் இரண்டாவதன் பக்கம் சாய்கிறேன். முதலாவது முழுக்கச் சரியென்றாலும், முழுக்கவனப் பயிற்சிக்கே உரிய ஒன்றைத் தனித்துப் பிடிக்க இந்த அளவுகோலால் முடியவில்லை என்பது மாறாது.

இத்தகைய வினாத்தாள்களைத் தொடர்ந்து விமர்சித்துவரும் உளவியலாளர் பால் கிராஸ்மன் இன்னொரு முடிச்சைக் காட்டுகிறார். கவனம் சிதறுகிறதா என்று கேட்டால் பதில் சொல்ல அந்தச் சிதறலைக் கவனித்திருக்க வேண்டும். கவனிக்காதவருக்குச் சிதறுவதே தெரியாது, மதிப்பெண் உயரும். பயிற்சிக்கு வந்த முதல் வாரங்களில் 'ஐயோ, இவ்வளவு அலைகிறதே என் மனம்' என்று கண்டுகொள்பவருக்கு மதிப்பெண் இறங்கக்கூடும். அவர் முன்னேறிக்கொண்டிருக்கும் நேரம் அது.

அதனால் சிலர் கேள்வி கேட்பதை விட்டுவிட்டுச் செயலை அளக்கப் பார்த்தார்கள். 2014இல் வெளியான ஒரு முறையில் மூச்சை ஒன்றிலிருந்து ஒன்பதுவரை எண்ணிக்கொண்டே போக வேண்டும். ஒவ்வொரு மூச்சுக்கும் ஒரு பொத்தான், ஒன்பதாவதுக்கு வேறு பொத்தான். எண்ணிக்கை தவறினால் கணினிக்குத் தெரிந்துவிடும். எளிமையான, சாமர்த்தியமான யோசனை. தீர்ப்பிடாமை பற்றி அது ஒன்றும் சொல்லாது.

இதைக் கையில் எடுப்பவர்களுக்கு

இந்த அளவுகோலைத் தூக்கிப்போடச் சொல்லவில்லை. நானே இன்னும் பரிந்துரைக்கிறேன். ஐந்து முகங்களையும் கூட்டி ஒரே எண்ணாக்காதீர்கள், முகம் முகமாக அறிக்கை கொடுங்கள் என்பது மட்டும் என் நிபந்தனை. தியானம் தெரியாத கூட்டத்தில் மொத்த எண் வேண்டுமென்றால் கவனித்தலை வெளியே வைத்துக் கூட்டுங்கள், அப்படிச் செய்ததை எழுதுங்கள். பயிற்சிக்கு முன், பின் என்று கழித்துப் பார்ப்பதற்கு முன்னால், இரண்டு நேரத்திலும் கூற்றுகளின் அமைப்பு மாறாமல் இருக்கிறதா என்று சோதியுங்கள். பயிற்சியே கூற்றின் பொருளை மாற்றிவிடும் என்றால் அந்தக் கழித்தலுக்கு அர்த்தமில்லை.

வேறு மொழிக்குக் கொண்டுபோகிறவர்களிடம் மொழிபெயர், திருப்பி மொழிபெயர், ஒப்பிடு என்ற வழக்கமான சடங்கு இருக்கிறது. சொல் சரியாக வந்ததா என்று அது காட்டும். படிப்பவர் மனத்தில் என்ன வந்தது என்று காட்டாது. அதற்கு இருக்கும் வழி மலிவானது, வியப்பாக அதைத்தான் அதிகம் தவிர்க்கிறார்கள். கூற்றை ஒருவரிடம் கொடுத்து, பதிலை முடிவு செய்யும்போது மனத்தில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லச் சொல்வது. பதினைந்து பேர் போதும். 613 பேரின் தரவில் மறைந்திருப்பது அங்கே நாலாவது ஆளிடம் வெளியே வந்துவிடும்.

நான் தொடங்குவதாக இருந்தால் குளியல் கூற்றில்தான் தொடங்குவேன். எண் போட்டதும் பேனாவை வாங்கி வைத்துவிட்டு, 'கடைசியாக எப்போது கவனித்தீர்கள், எதற்காகக் கவனித்தீர்கள்' என்று கேட்பேன்.